ஐம்பது என்று பொறித்த கல்

கல்லடிப் பாலத்துக்குக் கீழே
இறால் வலையில் ஏறியது அது.
வலை கிழிந்ததற்கு நட்டஈடு கேட்டுத்தான்
சூசைதாசன் மாநகரசபைக்குத் தூக்கி வந்தான்,
சரித்திரத்துக்காக அல்ல.

இரும்பு. உரிக்காத தேங்காயளவு. உச்சியில் ஒரு வளையம்.
துருவைத் துடைத்தால் ஐம்பது என்ற எண்,
கீழே ஒன்றையொன்று பின்னிய மூன்று எழுத்து:
கோட்டை வாசலில் நாங்கள் அண்ணாந்து பாராமல்
தினமும் கடக்கிற அதே முத்திரை.
ஓரத்தில் சின்னதாய் அவன் பெயர்.
லாம்பெர்ட் வான் ரீசன், பண்டசாலைத் தலைவன்.
நெல்லும் பாக்கும் யானைக்கொம்பும்
அவன் தராசில் ஏறாமல் கடல் கண்டதில்லையாம்.
புளியந்தீவில் ஓர் ஒழுங்கைக்கு இன்னும் அவன் பெயர்.
மாற்றுவதா விடுவதா என்று
அன்றைக்குத்தான் கூட்டம்.

ஆதம்லெவ்வை உறுப்பினர்
சந்தையிலிருந்து மின்தராசு எடுப்பித்தார்.
ஐம்பது றாத்தல் என்றால், ஒல்லாந்தர் கணக்கில்
இருபத்துநாலு கிலோ எழுநூறு.
தராசு காட்டியது இருபத்தேழு நூறு.

"கண்டீங்களாகா கள்ளனை!"
வேலாப்போடியார் எழும்பிவிட்டார்.
"ஒன்றை லாபம் என்று எண்ணுற களவெட்டி எங்கட.
குறை என்ற சொல்லே அங்க வாயில வராது.
அந்தப் பொலியில போய் அவன், றாத்தல் றாத்தலா..."
முடிக்கவில்லை.
கதவடியில் நின்ற அவருடைய முல்லைக்காரன்
அவரையே பார்த்துக்கொண்டிருந்தான்.

எர்ரல் பார்த்தலட் தச்சுப்பட்டறையிலிருந்து நேரே வந்தவர்,
சட்டையில் சீவல்.
"மட்டி ஒட்டியிருக்கு. சுரண்டிப்போட்டு நிறுங்க."
உளியை எடுத்து அவரே சுரண்டினார்.
பழைய பேப்பரில் சிப்பியும் சுண்ணாம்பும் குவிய
மறுகா நிறுத்தோம். இருபத்தைந்து தொள்ளாயிரம்.
"இன்னும் சுரண்டலாம்."
"எழுத்தும் போயிரும்" என்றார் செயலாளர் யோகநந்தினி.

எர்ரல் உளியைத் துடைத்தார்.
"அவன் கள்ளனாக்கும், இருக்கட்டும்.
கோயில் புத்தகத்தில அவன்ட பெண்சாதிக்குப் பேரில்லை.
இவ்விடத்துப் பெண், அவ்வளவுதான் எழுத்து.
நான் அவளின்ட ஆள்.
ஒழுங்கையில அவன்ட பேரை எடுத்தா
அவளுக்கு இருக்கிற ஒரே முகவரியும் போகும்."
"அப்ப அவள்ட பேரை வைப்பம்" என்றது பின்வரிசை.
"எந்தப் பேரை?" என்றார் எர்ரல்.
மின்விசிறி மட்டும் சுற்றியது.

கூட்டக்குறிப்பு எழுதுகிறவன் நான்.
கொழும்பிலிருந்து பண்டசாலைக் கணக்கின் நகலை
எடுப்பித்தவனும் நானே.
என் கோப்பில் இருந்தது அது. நான் திறக்கவில்லை.
பதினாலாம் பக்கத்தில், ஒல்லாந்து எழுத்துகளுக்கு நடுவே
புள்ளி வைக்காத பழைய தமிழில் ஒரு வரி:
கொள்ளுங் கல்லால் நிறுத்தது கதிராமன் கணக்கன்.

கொள்ளுங் கல்.
அப்படியென்றால் கொடுக்குங் கல் வேறொன்று இருந்திருக்கிறது.
எது எதுவென்று அறிந்த கை
வான் ரீசனுடையது அல்ல.
கதிராமன் என் தாயின் குடி.
கோயிலில் எங்களுக்குக் கிடைக்கும் முதல் மரியாதை
அவன் வழியாக வந்தது என்பார்கள்;
எதற்காக வந்தது என்று யாரும் சொன்னதில்லை.

அந்த வரிக்குக் கீழே அவனுடைய கூலி: அரை அவணம் நெல்.
எந்த மரைக்காலால் அளந்தார்கள் என்று
எழுதியிருக்கவில்லை.

தீர்மானம் ஒத்திவைக்கப்பட்டது.
நகல் இப்போது கந்தோரில் என் மேசை லாச்சிக்குள்.
கந்தோர், லாச்சி. இரண்டும் அவன் விட்டுப்போன சொற்கள்.
ஒளிப்பதற்கும் அவனிடம்தான் இரவல்.

குறிப்பேட்டில் 'பொருளின் நிறை' என்ற கட்டத்தை
மூன்று மாதமாக நிரப்பவில்லை.
கச்சான் அடிக்கிற பின்னேரங்களில்
கதவு அறையாமலிருக்கக் காவலாளி
அந்தக் கல்லைத்தான் முட்டுக்கொடுக்கிறான்.
போகவர என் கால்விரல் அதில் இடிபடுகிறது.
சூசைதாசன் ஒவ்வொரு திங்களும் வருகிறான்,
வலைக்காசு கேட்டு.